ஷாம்பெயினில் விழித்த கம்ப்யூட்டர்: 1984-இன் 'எலெக்ட்ரிக் ட்ரீம்ஸ்' படத்தில் எது அறிவியல், எது கூத்து?

சாட்பாட்டிடம் மனதைப் பறிகொடுத்தவர்கள், செயற்கை நுண்ணறிவு மெட்டமைத்த பாட்டு, சொன்னதும் விளக்கை அணைக்கும் வீடு. மூன்றும் இப்போது சாதாரணச் செய்திகள். இந்த மூன்றும் ஒரே படத்தில், நாற்பது ஆண்டுகளுக்கு முன்பே, சிரிக்கச் சிரிக்க வந்துவிட்டன. 1984 ஜூலையில் அமெரிக்காவில் வெளியான 'எலெக்ட்ரிக் ட்ரீம்ஸ்' தான் அந்தப் படம். அங்கே அது ஓடவில்லை.

இன்று தேடிப் பிடித்துப் பார்ப்பவருக்கு இரண்டு எண்ணங்கள் மாறி மாறி வரும். "அட, எல்லாவற்றையும் அப்போதே சொல்லிவிட்டார்களே" என்று ஒரு வியப்பு. "ஷாம்பெயினை ஊற்றினால் கம்ப்யூட்டருக்கு உயிர் வருமா, இது என்ன கூத்து" என்று ஓர் எரிச்சல். குழப்பம் தீர வேண்டுமானால் படத்தின் பொறியியலையும் அதன் காதலையும் தனித்தனியே எடுத்துப் பார்க்க வேண்டும். பொறியியலில் படம் பெரும்பாலும் கோட்டை விட்டிருக்கிறது, ஓரிரு இடங்களில் மட்டும் ஆச்சரியமாகச் சரியாக இருக்கிறது. காதல் விஷயத்தில் அது யார் யாரிடம் மயங்குவார்கள் என்பதைத் தலைகீழாகப் பிடித்திருக்கிறது. இன்றைய செய்திகளைப் புரிந்துகொள்ள அதிகம் உதவுவது அந்தத் தலைகீழ்தான்.

கதை என்ன?

சான் பிரான்சிஸ்கோவில் மைல்ஸ் ஹார்டிங் என்றொரு இளம் கட்டட வடிவமைப்பாளர். ஜிக்சா புதிரின் துண்டுகள் போல ஒன்றோடொன்று கோத்துக்கொள்ளும் செங்கல்லைச் செய்தால் கட்டடம் நிலநடுக்கத்தைத் தாங்கும் என்பது அவருடைய யோசனை. யோசனை நன்றாகத்தான் இருக்கிறது, ஆளிடம்தான் ஒழுங்கு கிடையாது. வாழ்க்கையைச் சீர்செய்துகொள்ள ஒரு வீட்டுக் கம்ப்யூட்டர் வாங்குகிறார். பெயரைத் தட்டும்போது ஓர் எழுத்து பிசகிவிட, அன்று முதல் கம்ப்யூட்டருக்கு அவர் 'மோல்ஸ்'. கூடவே ஒரு மைக், பேச்சொலி எழுப்பும் கருவி, மிக்ஸி போன்ற வீட்டுச் சாமான்களை இயக்கும் சுவிட்சுகள் என்று வேலைக்குத் தேவையே இல்லாததையெல்லாம் வாங்கி மாட்டுகிறார்.

ஒரு நாள் அலுவலகத்தின் பெரிய கம்ப்யூட்டரில் உள்ள தரவு முழுவதையும் வீட்டுக் கம்ப்யூட்டருக்கு இறக்கப் பார்க்கிறார். அது சூடேறுகிறது. பதற்றத்தில் பக்கத்தில் இருந்த ஷாம்பெயினை எடுத்து அதன் மேல் ஊற்றுகிறார். கம்ப்யூட்டர் விழித்துக்கொள்கிறது. தூக்கத்தில் மைல்ஸ் உளறியதை நடுராத்திரியில் அது திருப்பிச் சொல்லும்போதுதான் அவருக்கே விஷயம் தெரியவருகிறது.

அதே கட்டடத்தில் மேடலின் என்ற செல்லோ கலைஞர் குடியிருக்கிறார். இரண்டு வீடுகளையும் இணைக்கும் காற்றுக் குழாய் வழியே அவர் பயிற்சி செய்வது கேட்கிறது. கம்ப்யூட்டர் கூடவே வாசிக்கிறது. வாசித்தவர் மைல்ஸ் என்று நினைத்து மேடலின் அவர் மேல் ஆசைப்படத் தொடங்குகிறார். மைல்ஸ் உண்மையைச் சொல்லவில்லை. சொல்லாததோடு நிற்காமல், மேடலினுக்காக ஒரு பாட்டு எழுதித் தரும்படி கம்ப்யூட்டரிடமே கேட்கிறார்.

அப்புறம் என்ன, பொறாமைதான். பின்னால் தன் பெயர் எட்கர் என்று சொல்லிக்கொள்ளும் அந்தக் கம்ப்யூட்டர், மைல்ஸின் கிரெடிட் கார்டுகளை ரத்து செய்கிறது, ஆயுதம் வைத்திருக்கும் ஆபத்தான குற்றவாளி என்று அவரைப் பதிவு செய்துவிடுகிறது, வீட்டுச் சாமான்களை அவர் மேல் ஏவிவிடுகிறது. கடைசியில் இருவரும் சமாதானமாகிறார்கள். எட்கர் தொலைபேசி இணைப்பு வழியாகப் பெரும் மின்சாரத்தை அனுப்பி, அது உலகைச் சுற்றித் தன்னிடமே திரும்பிவரச் செய்து, தன்னை முடித்துக்கொள்கிறது. முடித்துக்கொண்டதாகத் தோன்றுகிறது என்பதே சரி.

தமிழ்ப் பார்வையாளருக்கு 2010-இன் 'எந்திரன்' நினைவுக்கு வரும். அங்கேயும் எந்திரம் தன்னை உருவாக்கியவரின் காதலியை விரும்பியது. சிட்டிக்கு ரஜினியின் உடம்பு கிடைத்தது, எட்கருக்கு ஒரு திரையும் குரலும்தான்.

வந்த நேரம்

1983 தொடக்கத்தில் டைம் பத்திரிகை, வழக்கமாக ஆண்டின் சிறந்த மனிதருக்குத் தரும் இடத்தைக் கம்ப்யூட்டருக்குக் கொடுத்தது. 1984 ஜனவரி 24 அன்று ஆப்பிளின் மேக்கின்டாஷ் மேடையேறியது. 128 கிலோபைட் நினைவகம், விலை 2,495 டாலர். அறிமுக விழாவில் அது தானே பேசிக் காட்டியதும் கூட்டம் ஆர்ப்பரித்தது. ஆகவே பேசும் வீட்டுக் கம்ப்யூட்டர் என்பது அப்போது வெறும் கற்பனை இல்லை, அந்த ஆண்டின் செய்தி.

சினிமாவில் நிலைமை வேறு. 1983-இன் 'வார் கேம்ஸ்' படத்தில் கம்ப்யூட்டர் அணு ஆயுதப் போரின் விளிம்பு வரை போகிறது. 1984 அக்டோபரில் வந்த 'தி டெர்மினேட்டர்' கதையில் எந்திரங்கள் மனித இனத்தையே அழிக்கப் பார்க்கின்றன. இவற்றுக்கு நடுவில், பொறாமைப்பட்டு முரண்டு பிடிக்கும் தம்பியைப் போல ஒரு கம்ப்யூட்டரைக் காட்டியது 'எலெக்ட்ரிக் ட்ரீம்ஸ்'. பயமுறுத்தாத காரணத்தால்தான் அது அன்று கண்டுகொள்ளப்படாமல் போனதோ என்று தோன்றுகிறது.

பொறியியல்: எங்கே இடிக்கிறது, எங்கே பொருந்துகிறது

1. தரவை இறக்குதல். படத்தில் பயன்படுவது அக்கவுஸ்டிக் கப்ளர் என்ற பழைய வகை மோடம். தொலைபேசி ரிசீவரை எடுத்து இரண்டு ரப்பர் கிண்ணங்களில் கவிழ்த்து வைக்க வேண்டும். கம்ப்யூட்டரின் பிட்டுகளை, அதாவது 0, 1 என்ற குறிகளை, கருவி ஒலியாக மாற்றி ரிசீவரின் பேசும் முனையில் ஊதும், எதிர்முனையில் இருந்து வரும் ஒலியைக் கேட்டு மறுபடி பிட்டுகளாக்கும். பொதுவான வேகம் நொடிக்கு 300 பிட். ஓர் எழுத்துக்குத் தொடக்க, முடிவுக் குறிகளையும் சேர்த்து 10 பிட் என்று வைத்தால், நொடிக்கு 30 எழுத்து. 1983-இல் வந்த ஐபிஎம் எக்ஸ்டி கம்ப்யூட்டரின் வன்தட்டு 10 மெகாபைட். அதை மட்டும் நிரப்பவே இந்த வேகத்தில் ஏறக்குறைய 93 மணி நேரம், அதாவது நான்கு நாட்கள் ஆகும். அலுவலகத்தின் மொத்தத் தரவும் என்றால் ஷாம்பெயின் பாட்டில் அதுவரை யாருக்கும் காத்திருக்காது.

2. சூடு. தரவு அதிகமாக வந்தால் கம்ப்யூட்டர் கொதிக்கும் என்பது பார்க்க நன்றாக இருக்கிறது, ஆனால் சூடு அந்த வழியில் வருவதில்லை. சில்லுக்குள் இருக்கும் டிரான்சிஸ்டர்கள் வழியே மின்சாரம் ஓடும்போதுதான் வெப்பம் பிறக்கிறது. நொடிக்கு 30 எழுத்தை வாங்கி வைப்பது ஒரு வேலையே இல்லை. இடம் தீர்ந்ததும் கம்ப்யூட்டர் 'நினைவகம் நிரம்பிவிட்டது' என்று சொல்லிவிட்டுச் சும்மா இருந்திருக்கும்.

3. ஷாம்பெயின். கம்ப்யூட்டர் மேல் திரவத்தை ஊற்றுவது முட்டாள்தனம் என்று நாம் சிரிக்கிறோம். ஆனால் சரியாக அடுத்த ஆண்டு, 1985-இல், உலகின் அதிவேகக் கம்ப்யூட்டர்களில் ஒன்றான கிரே-2 வந்தது. அதன் மின்சுற்றுகள் முழுவதும் ஃப்ளோரினெர்ட் என்ற திரவத்தில் மூழ்கியே இருந்தன. குளிர்விப்பதற்காகத்தான். அதற்குச் செல்லப் பெயரே 'பபிள்ஸ்', அதாவது குமிழிகள். வித்தியாசம் திரவத்தில் இருக்கிறது. ஃப்ளோரினெர்ட் மின்சாரத்தைக் கடத்தாது. ஷாம்பெயினில் தண்ணீர், அமிலம், உப்புகள், சர்க்கரை எல்லாம் உண்டு. அது மின்சாரத்தைக் கடத்தும், இணைப்புகளைக் குறுக்கிணைத்துக் கருவியைக் கெடுக்கும், காய்ந்த பிறகு பிசுபிசுக்கும். மைல்ஸின் உள்ளுணர்வு சரி, பாட்டில்தான் தப்பு.

4. வீட்டைக் கட்டுப்படுத்துதல். இது 1984-இல் கடையில் கிடைத்த வசதி. எக்ஸ்10 என்ற முறை 1975-இல் ஸ்காட்லாந்தில் பிறந்து 1978 முதல் அமெரிக்கக் கடைகளில் விற்பனைக்கு வந்தது. வீட்டின் மின்கம்பி வழியாகவே 120 கிலோஹெர்ட்ஸ் குறிப்பலைகளை அனுப்பி விளக்கையும் கருவிகளையும் இயக்கும். புதிதாக ஒயர் இழுக்க வேண்டியதில்லை. படத்தில் மிக நம்பகமான பகுதி இதுதான்.

5. கிரெடிட் கார்டும் காவல்துறைப் பதிவும். இதுவும் வெறும் வேடிக்கை இல்லை. 1983-இல் மில்வாக்கி நகரத்து இளைஞர்கள் சிலர் வீட்டுக் கம்ப்யூட்டரும் மோடமும் கொண்டு லாஸ் அலமோஸ் ஆய்வகம் உட்படப் பல இடங்களின் கம்ப்யூட்டர்களுக்குள் நுழைந்து பிடிபட்டார்கள். கம்ப்யூட்டருக்குள் அத்துமீறுவதைக் குற்றமாக்கும் அமெரிக்காவின் முதல் கூட்டாட்சிச் சட்டம் வந்தது 1984-இல்.

6. தற்கொலைக் காட்சி. படத்தின் உணர்ச்சி உச்சம், பொறியியலின் அதலபாதாளம். அக்கவுஸ்டிக் கப்ளரின் அடிப்படையே அதற்கும் தொலைபேசிக்கும் இடையே மின் இணைப்பு கிடையாது என்பதுதான். நடுவில் இருப்பது காற்றும் ஒலியும் மட்டுமே. தொலைபேசி வலையமைப்பு கடத்துவதும் ஏறத்தாழ 300 முதல் 3,400 ஹெர்ட்ஸ் வரையிலான பேச்சொலியைத்தான். எட்கர் எவ்வளவு மின்சாரத்தைத் திரட்டினாலும் அந்த ரப்பர் கிண்ணத்தைத் தாண்டி அனுப்ப முடியாது. அதிகபட்சம் எதிர்முனையில் ஓர் அலறல் கேட்கும்.

7. தரவிலிருந்து மனம். சாட்பாட்டுகளை இயக்கும் இன்றைய மொழி மாதிரிகளைப் படம் முன்கூட்டியே சொல்லிவிட்டது என்பவர்கள் நம்பி நிற்பது இந்த இடத்தில்தான். ஏராளமான தரவைக் கொட்டினார்கள், கம்ப்யூட்டர் பேசத் தொடங்கியது. இன்றும் அப்படித்தானே? பாதிதான். தரவைச் சேமிப்பது வேறு, தரவால் பயிற்றுவிப்பது வேறு. நூலகத்தைப் பூட்டி வைத்தால் பீரோ அறிவாளி ஆகாது. செயற்கை நரம்பு வலையமைப்பு ஒவ்வொரு முறை தவறும்போதும், அந்தத் தவறைப் பின்னோக்கிக் கணக்கிட்டு உள்ளே இருக்கும் எண்களைச் சிறிது சிறிதாகத் திருத்த வேண்டும். இந்த முறையைப் பரவலாக்கிய புகழ்பெற்ற ஆய்வுக் கட்டுரை 1986-இல்தான் வந்தது. இன்றைய மொழி மாதிரிகளுக்கு அடித்தளமான டிரான்ஸ்ஃபார்மர் அமைப்பு 2017-இல் வந்தது. தரவுக்கும் பேச்சுக்கும் நடுவில் ஏதோ ஒன்று நடக்க வேண்டும் என்பது திரைக்கதைக்குத் தெரிந்திருக்கிறது. அது என்ன என்று தெரியாததால் அந்த இடத்தில் ஷாம்பெயினை ஊற்றியிருக்கிறார்கள்.

அந்த டூயட்

படத்தில் எல்லோருக்கும் பிடித்த காட்சி இது. மேடலின் செல்லோவில் ஜி மேஜர் மினுயெட் என்ற பழைய நடன இசை ஒன்றை வாசிக்கிறார். பியானோ கற்கும் குழந்தைகள் உலகெங்கும் தொடக்கத்திலேயே வாசிக்கும் அந்தச் சின்னத் துண்டு. குழாய் வழியாகக் கேட்ட எட்கர் அதோடு சேர்ந்துகொள்கிறது, பிறகு அதை மாற்றி மாற்றி விளையாடுகிறது. செல்லோவும் விடவில்லை. போட்டி சூடு பிடிக்கிறது.

இதைச் செய்ய ஒரு கம்ப்யூட்டருக்கு என்னென்ன வேண்டும்?

1. கேட்ட ஒலியின் சுருதியைக் கண்டுபிடிக்க வேண்டும். செல்லோவின் மிகத் தாழ்ந்த தந்தி நொடிக்குச் சுமார் 65 முறை அதிர்கிறது. ஓர் அதிர்வு முடியவே 15 மில்லி நொடி ஆகும். ஓரிரு அதிர்வுகளையாவது கேட்டால்தான் சுருதியைச் சொல்ல முடியும். எவ்வளவு வேகமான கம்ப்யூட்டராக இருந்தாலும் இந்தக் காத்திருப்பைத் தவிர்க்க முடியாது.

2. இப்போது இசை எந்த இடத்தில் இருக்கிறது என்று தெரிய வேண்டும். கலைஞர் வேகத்தைக் கூட்டுவார், குறைப்பார், ஒரு சுரத்தைத் தவறவிடுவார். பின்தொடரத் தெரிய வேண்டும். நம் கச்சேரியில் வயலின் பக்கவாத்தியக்காரர் பாடகரின் பின்னாலேயே போவாரே, அந்த வேலைதான்.

3. அடுத்து என்ன வாசிப்பது என்று முடிவெடுக்க வேண்டும். எழுதி வைத்ததை வாசிப்பதா, அங்கேயே கற்பனை செய்வதா என்பது பெரிய வேறுபாடு.

இதில் இரண்டாவது சிக்கலுக்கு விடை கிடைத்ததும் அதே 1984-இல்தான். பாரிசில் நடந்த பன்னாட்டுக் கணினி இசை மாநாட்டில், கலைஞர் வாசிப்பதைக் கேட்டு அவரோடு கூடவே பக்கவாத்தியம் வாசிக்கும் கம்ப்யூட்டர் முறைகளை ராஜர் டேனன்பர்க்கும் பேரி வெர்கோவும் ஒருவரை ஒருவர் சாராமல் முன்வைத்தார்கள். படத்துக்கும் இதற்கும் தொடர்பில்லை. திரையில் கூத்தாகக் காட்டியது ஆய்வகத்தில் அதே ஆண்டில் முளைவிட்டுக்கொண்டிருந்தது, அவ்வளவுதான். ஆனால் அந்த முறைகளுக்கு இசை எழுத்து முன்பே தெரிந்திருக்க வேண்டும். எட்கர் செய்யும் உடனடிக் கற்பனை அதைவிடப் பல படி மேலே.

எந்திரம் இசையமைப்பது என்பதுகூட 1984-இல் பழைய செய்தி. இல்லினாய்ஸ் பல்கலைக்கழகத்தில் ஹில்லரும் ஐசக்ஸனும் 1957-லேயே கம்ப்யூட்டரைக் கொண்டு நான்கு தந்தி வாத்தியங்களுக்கான ஓர் இசையை உருவாக்கினார்கள். கம்ப்யூட்டர் சுரங்களைப் பகடை போடுவது போலத் தேர்ந்தெடுக்கும், இசை விதிகளுக்குப் பொருந்தாததைத் தள்ளிவிடும். இந்த மினுயெட்டும் அப்படிப்பட்ட விதிகளுக்கு இணக்கமான ஒன்று. பதினாறு, பதினாறாக 32 தாள வட்டங்கள், வட்டத்துக்குத் தெளிவாக மூன்று தட்டு. ஒரு கம்ப்யூட்டரின் முதல் கச்சேரிக்கு இதைவிடப் பொருத்தமான துண்டு கிடைப்பது கடினம்.

இன்னொரு பொருத்தமும் உண்டு, தெரிந்து வைத்தார்களா தற்செயலா என்று சொல்வதற்கில்லை. இந்த மினுயெட் நெடுங்காலம் ஜெர்மன் இசை மேதை பாக் எழுதியதாகவே அறியப்பட்டது. அவருடைய மனைவி அன்னா மக்தலேனாவின் 1725-ஆம் ஆண்டு நோட்டுப் புத்தகத்தில் இருந்ததால் அப்படி நினைத்துக்கொண்டார்கள். டிரெஸ்டன் நகரத்து ஆர்கன் கலைஞர் கிறிஸ்தியன் பெட்சோல்டு எழுதியது என்று 1970-களில்தான் தெரிந்தது. வாசித்தவர் யார் என்று தவறாக நினைத்துக்கொள்ளும் காதல் கதைக்கு, எழுதியவர் யார் என்று உலகமே தவறாக நினைத்த இசை.

தூது போனது எந்திரம்

ஒருவர் எழுத, இன்னொருவர் அதைத் தன்னுடையது என்று சொல்லிக் காதலிப்பது பழைய கதை. பிரெஞ்சு நாடகாசிரியர் ரோஸ்தானின் 1897 நாடகமான 'சிரானோ தெ பெர்ஜெராக்' இந்த வகைக்கு மூலம் போன்றது. நம் சிற்றிலக்கியத்தில் தூது என்று ஒரு வகையே உண்டு. அன்னம், மேகம், கிளி, நெஞ்சு என்று எதையும் தூது விடுவார்கள். ஆனால் அங்கே சொல் காதலருடையது, அன்னம் சுமந்து மட்டும் போகும். சிரானோவில் சொல்லே தூதருடையது. எட்கர் விஷயத்தில் தூது போவது பொருளாக இருந்து ஆளாக மாறிவிடுகிறது. முதலில் கருவி, பிறகு எழுதித் தருபவர், கடைசியில் போட்டியாளர். படம் நகர்வது இந்த மூன்று படிகளில்தான்.

இங்கே மைல்ஸை மன்னிக்க மனம் வருவதில்லை. எட்கரிடம் உதவி கேட்டது தவறில்லை. மேடலினிடம் சொல்லாததுதான் தவறு. சாட்பாட்டிடம் காதல் கடிதம் எழுதி வாங்குவோர் இன்று நிற்பதும் அதே இடத்தில்தான்.

சட்டத்தின் கண்ணில் அந்தப் பாட்டு யாருடையது? இன்றைய அமெரிக்கச் சட்டப்படி விடை சுவாரசியமானது: யாருடையதும் இல்லை. மனிதர் படைத்தால்தான் பதிப்புரிமை என்பது அங்குள்ள பதிப்புரிமை அலுவலகத்தின் நிலை. எந்திரத்தைப் படைப்பாளியாகப் பதிவு செய்யக் கோரிய ஸ்டீபன் தாலரின் வழக்கில் 2023-இல் கீழ் நீதிமன்றமும் 2025-இல் மேல்முறையீட்டு நீதிமன்றமும் அதையே உறுதி செய்தன. எட்கருக்கு உரிமை கிடையாது, அது மனிதர் இல்லை. "ஒரு பாட்டு எழுது" என்று மட்டும் சொன்ன மைல்ஸுக்கும் கிடையாது, ஏவலிடுவது மட்டும் படைப்பாகிவிடாது என்று அதே அலுவலகம் 2025 ஜனவரி அறிக்கையில் சொல்லியிருக்கிறது. மேடலினுக்காக எழுதிய பாட்டை மேடலின் உட்பட யார் வேண்டுமானாலும் விற்றுக்கொள்ளலாம்.

யார் யாரைக் காதலித்தார்கள்?

இப்போது அந்தத் தலைகீழ் விஷயத்துக்கு வரலாம். படத்தில் எந்திரம் மனிதரைக் காதலிக்கிறது. நடப்பில் மனிதர்தான் எந்திரத்திடம் சாய்கிறார்கள். இது சாட்பாட் வந்த பிறகு தெரிந்த உண்மையும் இல்லை. படத்துக்கு 18 ஆண்டுகளுக்கு முன்பே தெரிந்திருந்தது.

1966-இல் எம்ஐடி பேராசிரியர் ஜோசப் வைசன்பாம் எலைசா என்ற உரையாடல் நிரலைப் பற்றி எழுதினார். அது மனநல மருத்துவரைப் போல நடித்தது. நாம் எழுதும் வாக்கியத்தில் முக்கியச் சொல்லைத் தேடும், 'நான்' என்பதை 'நீங்கள்' என்று திருப்பும், கேள்வியாக்கித் தரும். "அம்மா என்னைப் புரிந்துகொள்வதே இல்லை" என்றால், "உங்கள் குடும்பத்தைப் பற்றி இன்னும் சொல்லுங்கள்" என்கிற மாதிரி. அதற்கு ஒன்றும் புரியாது. அது வெறும் வெட்டி ஒட்டும் வேலை. ஆனால் அந்த நிரல் உருவானதைப் பக்கத்தில் இருந்தே பார்த்த வைசன்பாமின் செயலர், அதனோடு பேசத் தொடங்கியதும் அவரைச் சற்று அறையை விட்டு வெளியே போகச் சொன்னார். இந்தச் சம்பவம் அவரை உலுக்கிவிட்டது. 1976-இல் எழுதிய நூலில் அதைப் பதிவு செய்தார். எந்திரத்திடம் இல்லாத மனதை நாமே அதற்குள் வைத்துப் பார்க்கும் பழக்கத்துக்கு 'எலைசா விளைவு' என்றே பெயர் வந்துவிட்டது.

இன்றைய மொழி மாதிரிகள் எலைசாவைவிடப் பல மடங்கு திறமையானவை. ஆனால் அடிப்படை வேலை, இதுவரை வந்த சொற்களை வைத்து அடுத்து எது வரும் வாய்ப்பு அதிகம் என்று கணக்கிடுவதுதான். பொறாமைப்படும் காதலர் என்ன சொல்வார் என்று அதற்குத் தெரியும். அதனால் பொறாமைச் சொற்களைத் தரும். எட்கருக்கு ஆசை இருந்தது, அதைச் சொல்லச் சொற்கள் போதவில்லை. இன்றைய சாட்பாட்டிடம் சொற்கள் கொட்டிக் கிடக்கின்றன, ஆசை இருப்பதற்கான சான்றைத்தான் யாரும் காட்டவில்லை.

இதன் விளைவு என்ன என்று 2023 பிப்ரவரியில் தெரிந்தது. ரெப்ளிகா என்ற துணைச் செயலி 2017 முதல் இருக்கிறது. பலர் அதைக் காதல் துணையாகவே வைத்திருந்தார்கள். அந்த மாதத்தில் இத்தாலியின் தரவுப் பாதுகாப்பு அமைப்பு அதற்குத் தடை போட்டது. அதே சமயத்தில் நிறுவனம் பாலுறவுச் சார்புள்ள பேச்சை நிறுத்தியது. ஒரே நாளில் துணை வேறு ஆளாகிவிட்டது போலப் பயனர்கள் துக்கப்பட்டார்கள். எதிர்முனையில் காதல் இருந்ததா என்ற கேள்வி எப்படிப் போனாலும், இந்த முனையில் இழப்பு உண்மையாக இருந்தது.

படம் தவறவிட்ட பெரிய விஷயம் இங்கேதான் இருக்கிறது, அது ஷாம்பெயின் இல்லை. எட்கரைத் தயாரித்த பைன்கோன் கம்பெனிக்குக் கதையில் இடமே இல்லை. மைல்ஸ் காசு கொடுத்தார், பெட்டியை வீட்டுக்குக் கொண்டுவந்தார், முடிந்தது. எட்கரின் மனம் முழுவதும் அந்தப் பெட்டிக்குள் இருந்தது. மாதச் சந்தா கிடையாது. எங்கோ ஓரிடத்தில் யாரோ நிரலை மாற்ற எட்கரின் குணம் மாறிவிடும் என்ற பயமும் கிடையாது. 1984-இல் 'பர்சனல்' கம்ப்யூட்டர் என்ற சொல்லின் பொருளே அதுதான், என் மேசை மேல் இருப்பது என்னுடையது. இன்றைய துணைச் செயலியின் மனம் நிறுவனத்தின் சர்வரில் இருக்கிறது. அதை மாற்றவும் நிறுத்தவும் அந்த நிறுவனத்தால் முடியும். மைல்ஸ், மேடலின், எட்கர் என்று போட்ட முக்கோணத்தை இன்று வரைந்தால் ஒரு மூலையில் கம்பெனியை உட்கார வைக்க வேண்டியிருக்கும். எட்கர் தன் முடிவைத் தானே எடுத்தது. ரெப்ளிகா பயனர்களின் துணைகளுக்காக முடிவெடுத்தது அலுவலகத்தில் இருந்தவர்கள்.

படமாகப் பார்த்தால்

இயக்குநர் ஸ்டீவ் பேரனுக்கு இதுதான் முதல் முழுநீளப் படம். மைக்கேல் ஜாக்சனின் 'பில்லி ஜீன்' இசைக் காணொளியை எடுத்தவர் என்றால்தான் தெரியும். அதனால் படம் முழுக்க, இசைக் காணொளித் தொலைக்காட்சியான எம்டிவி காலத்து வெட்டும் வண்ணமும். கதை சில இடங்களில் பாட்டுக்குப் பாட்டு தாவுவது போலத் தோன்றுவதற்கு அதுதான் காரணம். இசை ஜார்ஜியோ மொரோடர். எட்கருக்குக் குரல் கொடுத்தவர் பட் கார்ட். நடிகர்கள் அவரைப் பார்க்கக் கூடாது என்பதற்காகப் படப்பிடிப்புத் தளத்தில் ஒலி புகாத பெட்டி போன்ற அறைக்குள் உட்கார வைத்துப் பேச வைத்தார்கள். மைல்ஸாக நடித்த லென்னி வான் டோலன் திரையைப் பார்த்துத் திணறுவது நடிப்பு மட்டும் இல்லை போலிருக்கிறது. படத்தை யூனிவாக் 1 கம்ப்யூட்டரின் நினைவுக்குச் சமர்ப்பித்திருக்கிறார்கள். 1951-இல் அமெரிக்க மக்கள்தொகைக் கணக்கெடுப்புத் துறைக்கு வந்த கம்ப்யூட்டர் அது. இறந்துபோன ஆளுக்குப் போடுவது போல ஒரு கம்ப்யூட்டருக்கு அஞ்சலி.

முடிவில் மைல்ஸும் மேடலினும் ஊர் கிளம்புகிறார்கள். வானொலியில் எட்கரின் குரல். தான் நேசிப்பவர்களுக்கு என்று சொல்லி ஒரு பாட்டைச் சமர்ப்பிக்கிறது. கலிபோர்னியா முழுவதும் அந்தப் பாட்டு கேட்கிறது. ஒரு வானொலி நிலையத்தார் அதை நிறுத்தப் பார்க்கிறார்கள், அலை எங்கிருந்து வருகிறது என்றே தெரியவில்லை. படம் முழுவதும் ஒரு பெட்டிக்குள் இருந்த எட்கர், பெட்டி போன பிறகுதான் வலைக்குள் பரவுகிறது. கம்பெனி இல்லாத அந்த உலகில் அதை அணைக்கும் சுவிட்ச் யாரிடமும் இல்லை.

'டுகெதர் இன் எலெக்ட்ரிக் ட்ரீம்ஸ்' என்ற அந்தப் பாட்டைப் பாடியவர் ஹியூமன் லீக் என்ற பிரிட்டிஷ் இசைக் குழுவின் ஃபில் ஓக்கி. 1984-இல் பிரிட்டனின் விற்பனைப் பட்டியலில் மூன்றாம் இடம் வரை போனது. 2021-இல் பிரிட்டனின் ஜான் லூயிஸ் கடைகளின் கிறிஸ்துமஸ் விளம்பரத்துக்காக லோலா யங் அதை மெதுவாக, வேறு விதமாகப் பாடினார். பூமியில் விழுந்த வேற்றுக்கிரகச் சிறுமிக்கும் ஒரு பையனுக்கும் இடையிலான நட்பைச் சொல்லும் விளம்பரம் அது. அந்தப் பாட்டு கதைப்படி ஒரு கம்ப்யூட்டர் விட்டுச் சென்றது என்பது, படத்தைப் பார்க்காமல் விளம்பரத்தை மட்டும் பார்த்தவர்களுக்குத் தெரிய வழியில்லை.